ஐம்பதாயிரம் அடி ஃபிலிமும் 137 வீடியோவும்

போன வருஷம் ஒரு ஞாயிற்றுக்கிழமை, நொச்சிக்குப்பத்தில் வழக்கமாக மீன் வாங்கும் அக்கா சங்கராவைக் கழுவிக்கொண்டே கேட்டார்: "நீ கம்ப்யூட்டர் ஆளுதான தம்பி? எங்க ஆளுங்க போன்ல நெறைய வீடியோ கெடக்குது. அத்த ஒண்ணா சேத்து ஒரு படமா பண்ணித் தர முடியுமா?"

2023 ஏப்ரல் வீடியோக்கள் அவை. மெரினா லூப் சாலையோர மீன் கடைகளைப் பற்றி உயர் நீதிமன்றம் தானாகவே வழக்கு எடுத்தது, மாநகராட்சி கடைகளை அகற்றியது, மீனவர்கள் படகுகளைக் குறுக்கே போட்டுச் சாலையை மறித்தார்கள். இதெல்லாம் செய்தியில் வந்ததுதான். 2024 ஆகஸ்டில் புது மீன் அங்காடி திறந்த பிறகு ஊர் அதை மறந்துவிட்டது. குப்பம் மறக்கவில்லை. போன்கள்தான் ஒவ்வொன்றாகச் செத்துக்கொண்டிருக்கின்றன.

"அதுக்கென்னக்கா, பண்ணிடலாம்" என்று சொல்லிவிட்டேன். பென் டிரைவில் வந்து சேர்ந்தது 137 வீடியோ. மொத்தம் நாலு மணி நேரத்துக்குக் கொஞ்சம் மேல். முக்கால்வாசி வாட்ஸப்பில் பலமுறை கை மாறி மங்கிப் போனவை. எதிலும் தேதி இல்லை, எடுத்தவர் பெயர் இல்லை. ஒரே காட்சி நாலு வெவ்வேறு நீளத்தில். ரெண்டு நாள் எடிட்டிங் மென்பொருளைத் திறந்து வைத்துக்கொண்டு உட்கார்ந்தேன். ஒன்றும் ஓடவில்லை. வெட்டுவது எப்படி என்று யூடியூபில் கற்றுக்கொள்ளலாம், எதை வெட்டுவது என்பதை யாரிடம் கேட்பது?

அப்போதுதான் ஏ.கே. செட்டியாரைத் திரும்ப எடுத்துப் படித்தேன்.

செட்டியாரைப் பயண எழுத்தாளராக நமக்குத் தெரியும். 'உலகம் சுற்றிய தமிழன்' என்பது அவர் பெயரோடு ஒட்டிக்கொண்ட பட்டம். காந்தி பற்றி முழுநீள ஆவணப்படம் எடுத்தவர் என்பதும் கொஞ்சம் பேருக்குத் தெரியும். 'எடுத்தவர்' என்கிற வார்த்தையில்தான் எனக்குக் குழப்பம். அந்தப் படத்தின் பெரும்பகுதியை அவர் எடுக்கவில்லை. உலகம் பூராவும் மற்றவர்கள் எடுத்ததைத் தேடிப் பிடித்துத் தொகுத்தார். அவர் செய்தது அடிப்படையில் ஒரு படத்தொகுப்பாளரின் வேலை, கத்திரிக்கு முன்னால் மூன்று வருஷத் தேடலும் சேர்ந்த தொகுப்பு வேலை.

கதைச் சுருக்கம் இது. 1911-இல் செட்டிநாட்டுக் கோட்டையூரில் பிறந்தவர். இருபது வயதையொட்டி ரங்கூனில் 'தனவணிகன்' பத்திரிகையின் ஆசிரியர். பிறகு டோக்கியோவிலும் நியூயார்க்கிலும் புகைப்படக் கலை படித்தார். 1937 அக்டோபர் 2 அன்று நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குக் கப்பலில் போய்க்கொண்டிருந்தபோது, இன்று காந்தியின் பிறந்தநாள், அவரைப் பற்றி ஒரு படம் எடுத்தால் என்ன என்று தோன்றியிருக்கிறது. வயது 25. கையில் பெரிய முதலீடு கிடையாது. அடுத்த மூன்று வருஷத்தில் ஒரு லட்சம் மைல் சுற்றினார், தென்னாப்பிரிக்கா உட்பட. முப்பது வருஷ காலத்தில் சுமார் நூறு கேமராக்காரர்கள் எடுத்துப் போட்டிருந்த 50,000 அடி ஃபிலிம் சேர்ந்தது. அதிலிருந்து 12,000 அடிப் படம். 1940 ஆகஸ்ட் 23 அன்று சென்னை ராக்ஸியில் தமிழ் விளக்கவுரையோடு வெளியானது. அன்றைக்கு அவருக்கு 28 வயதுதான்.

இங்கே கொஞ்சம் கணக்குப் போட்டுப் பார்க்கலாம், என் தொழில் புத்தி அப்படி. 35 மி.மீ. ஃபிலிமில் ஓர் அடிக்கு 16 சட்டகம். பேசும்படத்தின் வேகம் வினாடிக்கு 24 சட்டகம். அப்படியானால் ஒரு நிமிஷத்துக்கு 90 அடி. 50,000 அடி என்பது சுமார் ஒன்பதே கால் மணி நேரம், 12,000 அடி என்பது இரண்டே கால் மணி நேரத்துக்குக் கொஞ்சம் குறைவு. நாலில் மூன்று பங்கு வெளியே போயிருக்கிறது. இன்றைய ஆவணப்படங்களோடு ஒப்பிட்டால் இது ரொம்பச் சிக்கனமான விகிதம், நூறு மணி நேரம் எடுத்து ஒன்றரை மணி நேரமாக்குவது இப்போது சர்வ சாதாரணம். ஆனால் செட்டியாரின் ஒவ்வோர் அடியும் எங்கேயோ ஒரு நியூஸ்ரீல் கம்பெனியின் அலமாரியிலிருந்தோ தனி ஆளின் பெட்டியிலிருந்தோ கெஞ்சிக் கேட்டு வாங்கியது. அதில் நாலில் மூன்றைத் தள்ளிவைக்க மனசு எப்படி வந்திருக்கும்? என்னால் வாட்ஸப் வீடியோவில் ஒரு நிமிஷத்தைக்கூடத் தள்ள முடியவில்லை.

இன்னொரு தொழில்நுட்பச் சங்கதி. மௌனப்பட காலத்துக் காட்சிகள் வினாடிக்கு 16, 18 சட்டகம் என்கிற வேகத்தில் எடுக்கப்பட்டவை, கையால் சுழற்றும் கேமரா. அதைப் பேசும்படக் கருவியில் 24-இல் ஓட்டினால் எல்லாரும் ஒன்றரை மடங்கு வேகத்தில் குடுகுடுவென்று ஓடுவார்கள். சரிசெய்ய வேண்டுமானால் ஒன்றுவிட்டு ஒரு சட்டகத்தை இரண்டு முறை அச்சிட வேண்டும், அதற்கு லேப் செலவு. பழைய செய்திப் படங்களில் காந்தி பறப்பதைப் பார்த்துச் சிரித்திருப்போம். அவர் நிஜமாகவே வேகமாக நடப்பவர், ஆனால் அவ்வளவு வேகம் இல்லை! போதாததற்கு, அடுத்தவர் கொடுப்பது பெரும்பாலும் மூல நெகடிவ் இல்லை, பிரதி. பிரதியிலிருந்து நெகடிவ் எடுத்து, அதிலிருந்து மறுபடி பிரதி போட்டால் ஒவ்வொரு தலைமுறைக்கும் முகம் மங்கும். வாட்ஸப் வீடியோவுக்கு நடப்பதும் இதேதான்.

படத்தின் நாயகருக்கோ சினிமாவே பிடிக்காது. வாழ்க்கையில் அவர் பார்த்ததாகச் சொல்லப்படும் இந்தியப் படம் 'ராம் ராஜ்யா' ஒன்றுதான், அதுவும் 1944-இல். கேமராவுக்காக ஒரு விரலைக்கூட அசைக்காத மனிதரை வைத்து, மற்றவர்கள் தற்செயலாகப் பிடித்த துண்டுகளால் ஒரு வாழ்க்கைக் கதை சொல்ல வேண்டும். அந்தத் துண்டுகளை எடுத்தவர்கள் எல்லாம் காந்தி பக்கத்து ஆட்கள் என்றும் நினைக்க வேண்டாம். செய்திப்படக் கம்பெனிகள் பலதும் ஆள்பவர்களின் நாட்டைச் சேர்ந்தவை, அவற்றுக்கு அரை வேட்டிக் கிழவர் ஒரு வேடிக்கைச் செய்தி. அதே காட்சியைத் தமிழ்க் குரலோடு வேறொரு வரிசையில் வைத்தால் அர்த்தம் தலைகீழாகிவிடும். படத்தொகுப்பின் பலம் இதுதான், பயமும் இதுதான்.

இதை உலகத்தில் முதலில் தெளிவாகச் செய்து காட்டியவர் ஒரு பெண், சோவியத் படத்தொகுப்பாளர் எஸ்ஃபிர் ஷூப். அரசு ஸ்டூடியோவில் வெளிநாட்டுப் படங்களைச் சோவியத் பார்வையாளருக்கு ஏற்றபடி வெட்டி ஒட்டுவது அவர் வேலை. ஐசன்ஸ்டைனே அவர் பக்கத்தில் உட்கார்ந்துதான் மேசையில் படத்தைத் தொகுக்கக் கற்றுக்கொண்டார். ஜார் மன்னரின் சொந்தப் படப்பிடிப்பாளர் எடுத்த குடும்பக் காட்சிகள் ஈரமான நிலவறைகளில் கிடந்தன. அவற்றையும் பழைய செய்திப் படங்களையும் தேடி எடுத்து 1927-இல் 'ரொமனோவ் வம்சத்தின் வீழ்ச்சி' படத்தைத் தொகுத்தார். கப்பல் தளத்தில் பிரபுக்கள் நடனமாடி வேர்வையைத் துடைத்துக்கொள்கிறார்கள். அடுத்த வெட்டு, வேர்வை வழிய வேலை செய்யும் குடியானவர்கள். இந்தக் காட்சிகள் எதையும் அவர் எடுக்கவில்லை. மன்னர் தன் பெருமைக்காக எடுத்துக்கொண்ட படமே மன்னருக்கு எதிரான சாட்சியாகிவிட்டது. ஆனால் படத்தின் ஆசிரியர் என்கிற உரிமையை ஸ்டூடியோ அவருக்குத் தரவில்லை, வெறும் எடிட்டர்தானே என்றார்கள்.

செட்டியார் ஷூப்பின் படத்தைப் பார்த்தாரா என்பது எனக்கு முக்கியமில்லை. இரண்டு பேருக்கும் ஒரே மாதிரி ஒரு குணம் உண்டு, தன்னை முன்னால் நிறுத்திக்கொள்ளாத குணம். செட்டியார் ஆயிரக்கணக்கான பக்கம் எழுதியிருக்கிறார். அதில் அவரைத் தேடிப் பாருங்கள், சொந்த வாழ்க்கை பற்றி ஒரு கைப்பிடி கூடத் தேறாது.

சரி, படம் என்ன ஆயிற்று? இதுதான் எனக்கு ரொம்ப நாளாக உறுத்தும் விஷயம்.

1940-இல் தமிழ். பிறகு தெலுங்கு விளக்கவுரையோடு ஒன்று. நடுவில் யுத்தம், 1942, வெள்ளையனே வெளியேறு. அதன்பின் காந்தி படத்தைத் தியேட்டரில் ஓட்டுவதை நினைத்துக்கூடப் பார்க்க முடியாது. போதாக்குறைக்கு ஃபிலிம் தட்டுப்பாடு வந்து, கதைப் படங்களே 11,000 அடிக்கு மேல் போகக்கூடாது என்று அரசு கட்டுப்பாடு வைத்த காலம் அது. செட்டியார் இரண்டு வருஷம் பிந்தியிருந்தால் இந்தப் படமே வந்திருக்காது. 1947-இல் டெல்லியில் இந்தி வடிவம். 1953-இல் அமெரிக்காவில் ஆங்கில வடிவம், 'மகாத்மா காந்தி: இருபதாம் நூற்றாண்டின் தீர்க்கதரிசி' என்கிற தலைப்பில். குரல் குவென்டின் ரெனால்ட்ஸ் என்கிற புகழ்பெற்ற அமெரிக்கப் பத்திரிகையாளருடையது. நீளமும் குறைந்துவிட்டது.

அந்த அமெரிக்க வடிவம்தான் மிஞ்சியது. வரலாற்றாய்வாளர் ஆ.இரா. வேங்கடாசலபதி பல வருஷம் தேடி, அமெரிக்கப் பல்கலைக்கழகச் சேமிப்பு ஒன்றில் அதைக் கண்டுபிடித்தார். ராக்ஸியில் மதராஸ் ஜனங்கள் பார்த்த 12,000 அடித் தமிழ்ப் படம் இன்று நம் கையில் இல்லை.

மென்பொருள் ஆட்களுக்குப் புரியும்படி சொன்னால், மூலக் கோப்பும் போச்சு, முதல் வெளியீடும் போச்சு. வெளிநாட்டு வாடிக்கையாளருக்காகச் சுருக்கி மாற்றிய நாலாவது வெளியீடு மட்டும் யாரோ ஒருவருடைய சர்வரில் பத்திரமாக இருக்கிறது. அதை வைத்துக்கொண்டு முதல் வெளியீட்டில் என்ன இருந்தது என்று ஊகிக்க வேண்டும். 1940-இல் சுதந்திரம் கிடைக்குமா என்றே தெரியாத ஒரு தமிழ்ப் பார்வையாளருக்கு, உயிரோடு இருக்கும் காந்தியைக் காட்டிய படம் அது. 1953-இல் சுட்டுக் கொல்லப்பட்டு அஞ்சு வருஷம் ஆன காந்தியைக் குளிர்யுத்த கால அமெரிக்கருக்கு விளக்குகிற படம். துண்டுகளில் பலவும் ஒன்றாகவே இருக்கலாம். படம் ஒன்றல்ல.

ஏன் தொலைந்தது என்றால் குற்றவாளி என்று யாரையும் கைகாட்ட முடியாது. அந்தக் காலத்து நைட்ரேட் ஃபிலிம் எளிதில் தீப்பிடிக்கும், சூட்டில் தானே பொடியாகும், நம் ஊர் வெயிலோ கேட்கவே வேண்டாம். பூனாவில் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் வந்ததே 1964-இல்தான். தமிழின் முதல் பேசும்படம் 'காளிதாஸ்' (1931) இல்லை, தென்னிந்தியாவின் முதல் மௌனப்படம் 'கீசக வதம்' இல்லை. அந்த வரிசையில் இதுவும் ஒன்று.

ஆனால் ஒரு வித்தியாசம் உண்டு. செட்டியார் குறிப்பு எழுதி வைத்தார். எந்த ஊரில் யாரைப் பார்த்தேன், எந்த அலமாரியில் எது கிடைத்தது, யார் உதவினார்கள், யார் காக்க வைத்தார்கள் என்று அவர் நடத்திய 'குமரி மலர்' இதழில் தொடர்ந்து எழுதினார். அந்தக் கட்டுரைகளை வேங்கடாசலபதி 'அண்ணல் அடிச்சுவட்டில்' என்று புத்தகமாகப் பதிப்பித்திருக்கிறார். படம் கிடைக்காத நிலையில், தேடலின் குறிப்பேடுதான் இன்று படத்துக்குப் பதிலாக நிற்கிறது.

'குமரி மலர்' பற்றியும் ஒரு வார்த்தை. 1943-இல் ஆரம்பித்து அநேகமாகக் கடைசி வரை நடத்தினார், 1983-இல் இறந்துபோனார். பழைய பத்திரிகைகளிலும் நூல்களிலும் புதைந்து கிடந்ததை எடுத்து, எங்கே எப்போது வந்தது என்கிற விவரத்தோடு மறுபடி போடுவார். தமிழ்நாட்டைப் பற்றிய பழைய பயணக் கட்டுரைகளை ஊர் ஊராகத் தேடித் தொகுத்து 1968-இல் ஒரு கனமான புத்தகம் போட்டார். அவர் சினிமாவை விட்டுவிட்டுப் பத்திரிகைக்குப் போனார் என்று சொல்வதைவிட, அதே வேலையைக் காகிதத்தில் தொடர்ந்தார் என்றுதான் எனக்குத் தோன்றுகிறது. மற்றவர்கள் பதிந்ததைத் தேடு, வரிசைப்படுத்து, எங்கிருந்து வந்தது என்று சொல், நீ ஒதுங்கி நில்.

எல்லாருக்கும் இது ஒத்துவராது என்பதையும் சொல்ல வேண்டும். 1968 டிசம்பர் 25 கீழ்வெண்மணியில் கூலி கேட்ட விவசாயத் தொழிலாளர் குடும்பங்களைச் சேர்ந்த 44 பேர், பெரும்பாலும் பெண்களும் குழந்தைகளும், ஒரு குடிசைக்குள் எரிக்கப்பட்டார்கள். பாரதி கிருஷ்ணகுமார் 2005-இல் 'ராமையாவின் குடிசை' எடுத்தபோது, அந்த இரவைச் சொல்ல மனிதர்கள் மட்டும்தான் இருந்தார்கள், 37 வருஷம் கழித்துப் பேசும் மனிதர்கள். செட்டியாரிடம் காட்சி இருந்தது, பெரும்பாலும் ஊமைக் காட்சி. வெண்மணியில் குரல் இருந்தது. அங்கே தொகுப்பு என்றால் யார் பேச்சுக்குப் பின் யார் பேச்சு, எந்த இடத்தில் மௌனத்தை அப்படியே விடுவது என்பதுதான். இன்றைக்கும் அந்தப் படத்தை ஒரே மூச்சில் என்னால் பார்க்க முடிவதில்லை.

நொச்சிக்குப்பத்தில் எனக்குக் கிடைத்திருப்பது இரண்டும். காட்சியும் இருக்கிறது, எடுத்தவர்களும் நூறடி தூரத்தில் இருக்கிறார்கள். செட்டியார் கேட்டால் பொறாமைப்பட்டிருப்பார். ரெண்டு நாள் கத்திரியோடு உட்கார்ந்தேனே தவிர, எழுந்துபோய் யாரையும் கேட்கவில்லை.

இப்போது மென்பொருளை மூடிவிட்டு ஒரு விரிதாள் திறந்திருக்கிறேன். எண், நீளம், யார் போனில் எடுத்தது, யாரிடமிருந்து வந்தது, எந்த இடம், சட்டகத்தில் யார் யார், அவர்கள் காட்டச் சம்மதிக்கிறார்களா. கடைசிப் பத்தியை அக்காதான் சேர்க்கச் சொன்னார். "அந்தப் பொண்ணு இப்ப வேலைக்குப் போவுது, அது மூஞ்சி வேணாம்" என்றார் ஒரு வீடியோவைப் பார்த்து. என் கண்ணுக்கு மொத்தத் தொகுப்பிலும் பலமான காட்சி அதுதான். படத்தில் வராது. ஆனால் மூலக் கோப்பு மூன்று இடத்தில் இருக்கும், ஒன்று குப்பத்திலேயே.

ஞாயிறு காலை ஒரு மணி நேரம், கட்டிலில் லேப்டாப்பை வைத்துக்கொண்டு நாலைந்து பேர் சுற்றி நின்று பார்க்கிறோம். பேச்சு 2023-இல் நிற்பதில்லை. பெரியவர் ஒருத்தர் 1985-க்குப் போய்விடுவார், மெரினாவிலிருந்து கட்டுமரங்களை அகற்றும் முயற்சி துப்பாக்கிச் சூடு வரை போன வருஷம். சுனாமி வரும். இன்னின்ன இடத்தில் இன்னின்ன வலை காய்ந்தது என்று வரும். அதையும் குரல் பதிவாக எடுத்து வைக்கிறேன், அதற்கு ஒரு தனி எண்.

இதுவரை 58 வீடியோவுக்கு விவரம் சேர்ந்திருக்கிறது. 41-ஆம் எண்ணில் மட்டும் சண்டை. பதினோரு வினாடிதான், சாலையில் கொட்டிக் கிடக்கும் மீன், மேலே ஒரு படகின் மூக்கு. எடுத்தது தானே என்று இரண்டு பேர் சொல்கிறார்கள். வினாடிக்கு வினாடி நிறுத்திப் பார்த்ததில் ஆறாவது வினாடியில் படம் எடுப்பவரின் கால் தெரிகிறது, நீல ரப்பர் செருப்பு. இந்த வாரம் அதைக் கேட்க வேண்டும்.